கோலா, குடுவையா, தகடா, கம்பமா? கற்பனை உலகின் மாயப்புலத்தை எதைக்கொண்டு ஆள்வது

மிகுபுனைவு எழுதும் நண்பர்கள் அடிக்கடி கேட்கும் கேள்வி இது. உலகத்தை வரைந்தாயிற்று. மலை, ஆறு, அரச வம்சம் எல்லாம் இருக்கின்றன. மண்ணிலும் காற்றிலும் ஒரு மாயப்புலம் ஓடுகிறது என்பதும் முடிவாகிவிட்டது. அந்தப் புலத்தை மனிதர்கள் எதைக்கொண்டு பிடித்து வேலை வாங்குவார்கள் என்று வரும்போது கை நின்றுவிடுகிறது. கையில் கோலைக் கொடுத்தால் பார்த்துப் பழகியதாக இருக்கிறது. சக்தியை அடைத்துவைக்கும் குடுவை என்றால் கணக்கு உதைக்கிறது. யந்திரத் தகடு என்றால் பக்திக் கதையாகிவிடுமோ என்று பயம். ஊர் ஊராகக் கம்பம் நட்டால் கதை பெரிதாகிக் கைமீறிப் போய்விடுமோ என்று தயக்கம்.

நான்குமே நல்ல தேர்வுகள்தான், ஆனால் எல்லாக் கதைக்கும் எல்லாம் பொருந்தாது. எழுதுபவர்களில் பெரும்பாலானவர்கள் கருவி என்ன செய்யும் என்பதிலேயே நேரத்தைச் செலவழிக்கிறார்கள்: தீ கக்குமா, சுவர் எழுப்புமா, பறக்கவைக்குமா. என்னைக் கேட்டால் அதைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம். அந்தக் கருவியைச் செய்பவர் யார், பழுது பார்ப்பவர் யார், அவருக்குக் கூலி கொடுப்பவர் யார் என்பதில்தான் தொடங்க வேண்டும். இந்த மூன்று பேரும் கதைக்குள் வந்துவிட்டால் தெருவும் கடையும் கடனும் சண்டையும் பின்னாலேயே வந்துவிடும். இவர்கள் இல்லாத உலகத்தில் மந்திரம் ஒரு வாணவேடிக்கையாக மட்டும் இருக்கும்.

## எதை வைத்து எடைபோடுவது

ஐந்து கேள்விகள் போதும்.

1. சக்தி எங்கிருந்து வருகிறது, எடுத்த பிறகு அந்த இடம் என்ன ஆகிறது?
2. கருவியைச் சுற்றி என்ன தொழில்கள் பிழைக்கின்றன?
3. அதைத் திருடலாமா, விற்கலாமா, போலியாகச் செய்யலாமா?
4. பழுதானால் யாருக்கு அடி? வைத்திருப்பவருக்கா, தெருவுக்கா, நாட்டுக்கா?
5. ஒரு காட்சியில் இரண்டு வரியில் காட்ட முடியுமா, அல்லது ஒரு பக்க விளக்கம் வேண்டுமா?

நான்காவது கேள்விதான் மிக முக்கியம் என்பேன். நன்றாக வேலை செய்யும் கருவியில் கதை இல்லை. அதனால் நான்கு கருவிகளையும் ஒரே பழுதுக் காட்சியில் வைத்துப் பார்ப்போம். புலத்தின் விசையால் ஓடும் தோணி ஒன்று நடு ஆற்றில் நின்றுவிடுகிறது. பொழுது சாய்கிறது. தோணியில் ஒரு மருத்துவச்சி இருக்கிறாள். அக்கரையில் ஒருத்திக்கு வலி கண்டு மதியத்திலிருந்து காத்திருக்கிறார்கள். தோணிக்காரர் வயதானவர், அந்த ஆற்றிலேயே காலம் தள்ளியவர்.

## கோல்

கோல் என்று சொன்னாலும் மோதிரம், கண்ணாடி வில்லை, சங்கு, கைத்தடி எல்லாம் இந்த வகைதான். தனக்குள் எதையும் வைத்துக்கொள்ளாது. சுற்றியிருக்கும் புலத்தை ஒரு திசையில் குவித்துவிடும், அவ்வளவுதான். வேகம், துல்லியம், வலிமை எல்லாம் பிடித்திருப்பவரின் கையிலும் மனத்திலும் இருக்கின்றன.

எழுதுவதற்கு இதுவே எளிது. விளக்கம் வேண்டாம். கையை உயர்த்தினாள், கோலின் நுனி சிவந்தது என்றால் வாசகருக்குப் புரிந்துவிடும். பாத்திரத்தின் கோபமும் பயமும் நேராகக் கருவியில் தெரியும். குரு, சீடன், பயிற்சி, போட்டி என்று போகும் கதைக்கு இதைவிடப் பொருத்தமானது இல்லை.

தோணிக் காட்சியில் கோலுக்கு ஒன்றுமே ஆகவில்லை. கிழவரின் கைதான் நடுங்குகிறது.

"பெரியப்பா, என்ன ஆச்சு?"

"ஒண்ணுமில்ல தாயி. கொஞ்ச நேரம் பேசாம இரு. கை நின்னுடும்."

கை நிற்கவில்லை. கோல் அவள் மடிக்கு அருகிலேயே இருக்கிறது, எடுத்துப் பிடித்தாலும் அவளுக்கு ஓட்டத் தெரியாது. காட்சி முதுமையைப் பற்றியதாக மாறிவிடுகிறது. கோலின் பலம் இதுதான், பழுது எப்போதும் மனிதரிடம் இருக்கும்.

மறைந்திருக்கும் செலவு இரண்டு. முதலாவது, கோல் இருக்கும் உலகம் முடிந்தவர், முடியாதவர் என்று இரண்டாகப் பிரியும். அந்தத் திறமை பிறப்பால் வருகிறதா, பழக்கத்தால் வருகிறதா என்பதை முதல் அத்தியாயத்துக்கு முன்பே முடிவு செய்துவிடுங்கள். பிறப்பால் என்று வைத்துவிட்டால் நீங்கள் சாதியைப் பற்றிய கதை எழுதுகிறீர்கள். நம் வாசகர்கள் அதை அப்படித்தான் படிப்பார்கள், அப்படிப் படிப்பது நியாயமும்கூட. எழுதலாம், நன்றாகவே எழுதலாம். ஆனால் தெரிந்து எழுத வேண்டும்.

இரண்டாவது போலி. சக்தி பிடிப்பவரிடம் இருக்கிறது என்றால், கோல் உண்மையா என்று எப்படிச் சோதிப்பது? நம் உலகத்திலேயே இதற்குக் கதை இருக்கிறது. அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்து மருத்துவர் எலிஷா பெர்கின்ஸ் 1796இல் ஒரு ஜோடிச் சிறு உலோகக் கோல்களுக்குக் காப்புரிமை வாங்கினார். சுமார் மூன்று அங்குல நீளம், ஒரு முனை கூர்மை. வலிக்கும் இடத்தின் மேல் இழுத்தால் வலியை உண்டாக்கும் மின்சாரம் வெளியேறிவிடும் என்றார். விற்பனை அமோகம். 1799இல் இங்கிலாந்தின் பாத் நகரில் ஜான் ஹேகார்த் என்ற மருத்துவர் அதே உருவத்தில் மரக்கோல்கள் செய்து, உலோகம் போலத் தெரியும்படி வண்ணம் பூசி, ஐந்து நோயாளிகளின் உடம்பில் இழுத்துப் பார்த்தார். நான்கு பேர் வலி குறைந்ததாகச் சொன்னார்கள். உங்கள் உலகத்தில் கோல் உண்மையாகவே வேலை செய்யட்டும். ஆனாலும் அந்த மரக்கோலை விற்பவன் சந்தையில் எங்கோ கடை போட்டிருப்பான். அவனைக் கதைக்குள் கொண்டுவந்தால் கோல் உலகத்துக்கு உடனே ஒரு கனம் வரும்.

தொழில் என்று பார்த்தால் கோல் ஏழைதான். ஒரு தச்சர் ஒருமுறை செதுக்கினால் ஆயுள் முழுக்க வரும்.

## குடுவை

சக்தியை ஓரிடத்தில் பிடித்து, அடைத்து, இன்னோர் இடத்தில் திறந்துவிடுவது குடுவை. மணி, ரத்தினம், குப்பி, மூங்கில் குழாய் என்று எந்த உருவமும் எடுக்கலாம். நம் சித்தர் மரபில் பேசப்படும் ரசமணியும் குளிகையும் இதற்கு நெருங்கிய உறவு. ஓடுகிற பாதரசத்தைக் கட்டித் திடமாக்கி, அதற்குச் சக்தி ஏற்றி, வாயில் அடக்கிக்கொண்டால் வானத்தில் போகலாம் என்றெல்லாம் சொல்லும் மரபு அது.

நான்கில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். காரணம், எடுத்த எடுப்பிலேயே அளவும் விலையும் வந்துவிடுகின்றன. எவ்வளவு இருக்கிறது, எவ்வளவு செலவாகும், மீதி எவ்வளவு. மந்திரம் ஒரு பண்டமாகிவிட்டால் நிரப்புபவர், சுமப்பவர், மொத்த வியாபாரி, கள்ளக் கடத்தல்காரர், காலிக் குடுவை பொறுக்கும் சிறுவன் என்று ஒரு சந்தையே வந்து நிற்கும். சமையல் காஸ் சிலிண்டரைச் சுற்றி நம் தெருவில் எத்தனை பேர் பிழைக்கிறார்கள் என்று எண்ணிப் பாருங்கள், குடுவை உலகத்தின் பாத்திரப் பட்டியல் தயார்.

குடுவையை எழுத நினைப்பவர்கள், மின்சாரத்தை அடைத்துவைத்த முதல் கலமான லெய்டன் ஜாடியின் வரலாற்றை ஒருமுறை படித்துவிட வேண்டும். 1745இல் பால்டிக் கடலோரப் பொமரேனியாவில் ஃபான் கிளைஸ்ட், அடுத்த சில மாதங்களில் நெதர்லாந்தின் லெய்டன் நகரில் முஷன்புரூக் என்று இருவர் தனித்தனியாக இதைக் கண்டுபிடித்தார்கள். பிற்பாடு நிலைத்த வடிவம் இது: கண்ணாடி ஜாடி, உள்ளும் புறமும் உலோகத் தகடு ஒட்டியது, மூடி வழியாக உள்ளே இறங்கும் ஒரு பித்தளைக் கம்பி. மின்சாரத்தை அதற்கு முன் யாரும் இப்படிப் பிடித்துவைத்ததில்லை. முஷன்புரூக் வாங்கிய அடி எப்படிப்பட்டது என்றால், பிரான்ஸ் நாட்டையே கொடுத்தாலும் இன்னொரு முறை அதைத் தொடமாட்டேன் என்று எழுதினார். 1746இல் பிரெஞ்சுப் பாதிரியார் நொல்லே, பதினைந்தாம் லூயி மன்னரின் முன்னால் 180 காவலர்களைக் கைகோத்து நிற்கவைத்து ஜாடியின் மின்சாரத்தை அவர்கள் வழியே பாய்ச்சினார். அத்தனை பேரும் ஒரே கணத்தில் துள்ளினார்கள். புதிய சக்தி ஒன்று முதன்முதலாக அரசவைக்குள் நுழைவதை எழுத வேண்டுமென்றால் இதைவிட நல்ல மாதிரி கிடைக்காது. அதன் முதல் பயன் ராஜாவுக்கு வேடிக்கை காட்டியதுதான்.

இன்னும் இரண்டு குணங்கள் கதைக்கு நேராக உதவும். ஈரக்காற்றில் ஜாடியின் மின்சாரம் மெல்லக் கசிந்துபோகும். எனவே உங்கள் உலகத்தில் மழைக்காலத்துக்கு ஒரு விலை, கோடைக்கு ஒரு விலை. அடுத்தது, ஒருமுறை முழுக்க இறக்கிய ஜாடியைச் சற்று நேரம் சும்மா வைத்தால், கண்ணாடியில் தங்கியதிலிருந்து கொஞ்சம் மின்சாரம் மறுபடி திரண்டு நிற்கும். காலி என்று நம்பித் தொட்டவரை அடிக்கும்.

இப்போது தோணி. கிழவர் குடுவையின் கழுத்தைத் தட்டிப் பார்க்கிறார். உள்ளே ஒளி இல்லை. காலையில் ஒரு படி நிரப்பியதாகக் கணக்கு. நிரப்பும் கடைக்காரன் ஆறு ஆழாக்குதான் போட்டிருக்கிறான். மருத்துவச்சியின் பையிலும் ஒரு சிறு குப்பி இருக்கிறது, அது பிரசவத்துக்காக வைத்திருப்பது.

"அதக் குடுத்தா அக்கரை போயிரலாம் தாயி."

"போய்ச் சேந்து வெறுங்கையோட நிக்கவா பெரியப்பா?"

கொடுப்பதா, வேண்டாமா? குடுவை இந்தக் கேள்வியைத் தானாகவே கொண்டுவருகிறது. வேறெந்தக் கருவியிலும் இவ்வளவு இயல்பாக வராது. அத்தோடு, இறக்கி வைத்த காலிக் குடுவையில் இன்னும் ஒரு மடக்கு திரண்டு வரும் என்று கிழவருக்குத் தெரிந்திருந்தால், அவரது அனுபவமே அவர்களைக் கரை சேர்க்கும். அந்தத் தகவலை மூன்று அத்தியாயம் முன்பே வேறு சாக்கில் சொல்லியிருக்க வேண்டும், அவ்வளவுதான்.

செலவு என்ன? கணக்கு. வாசகர் எண்ணுவார். ஏழாம் அத்தியாயத்தில் தீர்ந்த குடுவை பத்தாம் அத்தியாயத்தில் எரிந்தால் கண்டுபிடித்துவிடுவார். எழுதும்போது பக்கத்தில் ஒரு நோட்டு வைத்து வரவு செலவு எழுதத்தான் வேண்டும். அளவைக்குப் புதுப் பெயர்கள் தேடி அலையவும் வேண்டாம். எட்டு ஆழாக்கு ஒரு படி, எட்டுப் படி ஒரு மரக்கால். வாசகருக்கு ஏற்கெனவே காதில் விழுந்த அளவுகள் இருக்கும்போது, வாயில் நுழையாத அலகுகளைப் புனைவதில் லாபமில்லை. இன்னொரு செலவு, நிரப்பும் இடம். ஊற்று, பாறை, காடு, எதுவாக இருந்தாலும் எடுக்க எடுக்க அது வற்றுமா என்பதற்கு நீங்கள் பதில் வைத்திருக்க வேண்டும். வற்றாது என்றால் பஞ்சம் இல்லை, பஞ்சம் இல்லையென்றால் விலையும் இல்லை. குடுவையின் அத்தனை பலமும் போய்விடும்.

## தகடு

புலத்தை வடிவத்தால் கட்டுவது தகடு. செம்பிலோ கல்லிலோ வாசல்படியிலோ கோடும் எழுத்தும் வெட்டினால், அந்த வடிவத்தின் வழியே புலம் ஓடும். பிடித்திருக்க ஆள் வேண்டாம், நிரப்பவும் வேண்டாம். அது பாட்டுக்கு வேலை செய்துகொண்டிருக்கும்.

தமிழில் எழுதுபவருக்கு இதில் ஒரு வசதி உண்டு. கறுப்புக் கயிற்றில் தாயத்தைக் கட்டியவர்கள் நம் வாசகர்கள். அந்தக் குப்பிக்குள் சுருட்டிய தகடு இருக்கிறது என்று யாரும் அவர்களுக்குச் சொல்ல வேண்டாம். கோயில் சிலைக்கு அடியில் யந்திரத் தகடு வைத்து, பீடத்தில் அஷ்டபந்தன மருந்து சாத்துவதையும் பலர் பார்த்திருப்பார்கள். கொம்பரக்கு, குங்கிலியம், தேன்மெழுகு, எருமை வெண்ணெய் என்று எட்டுப் பொருள்களை இடித்துக் கலந்த பசை அது. சிலையும் பீடமும் சேரும் இடத்தை அது இறுக்கும். மரபுப்படி பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை கும்பாபிஷேகத்தின்போது பழைய மருந்தை எடுத்துவிட்டுப் புதிதாகச் சாத்துவார்கள். கற்பனை உலகத்துக்கு இதை அப்படியே தூக்கிவைக்கச் சொல்லவில்லை. வழிபாட்டில் உள்ள பொருளை வெறும் மந்திர பேட்டரி ஆக்குவதை வாசகர் பலர் விரும்ப மாட்டார்கள், நானும் விரும்பமாட்டேன். கட்டமைப்பை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். சக்தி நிலைத்திருக்கிறது, ஆனால் தேயும். புதுப்பிக்க நாள் இருக்கிறது, அதற்கென்று கைவினைஞர்கள் இருக்கிறார்கள், ஊரே கூடிச் செலவு செய்கிறது. புதுப்பிக்கும் நாள் தள்ளிப்போன ஓர் ஊர் எப்படி இருக்கும்? கதை அங்கேயே தொடங்கிவிடுகிறது.

துல்லியம்தான் தகட்டின் உயிர். ஸ்ரீசக்கரத்தை வரைய முயன்றவர்களுக்கு இது தெரியும். மேல்நோக்கி நான்கு, கீழ்நோக்கி ஐந்து என ஒன்பது பெரிய முக்கோணங்கள் ஒன்றையொன்று வெட்டி 43 சிறு முக்கோணங்கள் உண்டாகின்றன. பல இடங்களில் மூன்று கோடுகள் ஒரே புள்ளியில் சந்திக்க வேண்டும். ஒரு கோட்டை மயிரிழை நகர்த்தினால் ஒரு சந்திப்பு சரியாகும், எதிர்ப்பக்கத்தில் இரண்டு சந்திப்புகள் கலைந்துபோகும். அளவுகோலும் காம்பசும் வைத்துக்கொண்டு பென்சிலில் போட்டாலே ரப்பர் தேயும். இதையே உளியால் செம்பில் வெட்டுகிறவரின் கையை நினைத்துப் பாருங்கள். அழிக்க முடியாது. ஒரு வெட்டு பிசகினால் தகடு உருக்கத்தான் போகும். அந்தக் கைதான் உங்கள் உலகத்தில் மிக விலை உயர்ந்த பொருள்.

தோணிக் காட்சியில், அடிப்பலகையில் பொறித்த தகட்டின் மேல் மணல் உரசி உரசி ஒரு கோடு மழுங்கிவிட்டது. கிழவர் குனிந்து விரலால் தடவிப் பார்க்கிறார். எந்தக் கோடு என்று கண்டுபிடித்துவிட்டார். ஆனால் அதை வெட்டும் உரிமை அவருக்கு இல்லை, அது வேறு குலத்தின் தொழில், மீறினால் தண்டனை. மருத்துவச்சியிடம் தொப்புள்கொடி அறுக்கும் கத்தி இருக்கிறது. இருட்டிக்கொண்டு வருகிறது. கத்தியை நீட்டுவது ஒரு குற்றம், நீட்டாமல் இருப்பது இன்னொரு குற்றம்.

தகட்டின் மறைமுகச் செலவு விளக்கம். எந்தக் கோடு என்ன செய்யும் என்று சொல்லப் போனால் பக்கம் பக்கமாகப் போகும். மூன்று விதிகளுக்கு மேல் வாசகருக்குச் சொல்லாதீர்கள், மீதியைப் பாத்திரங்கள் தங்களுக்குள் வைத்துக்கொள்ளட்டும். இதைவிடப் பெரிய சிக்கல் நகல். தகட்டின் மேல் மெழுகை அழுத்தி அச்சு எடுத்தால் நகலும் வேலை செய்யுமா? செய்யும் என்றால் அச்சு இயந்திரம் வந்த அன்றே உங்கள் பொறிப்பாளர்களின் பிழைப்பு போய்விடும். செய்யாது என்றால் ஏன் என்று ஒரு காரணம் வேண்டும். இதைக் கவனிக்காமல் விட்டால், மூன்றாம் பாகத்தில் யாராவது ஒரு வாசகர் கேட்டுவிடுவார். எனக்குப் பிடித்த விடை, நகல் வேலை செய்யும், ஆனால் மூலத் தகட்டின் சக்தியைப் பங்குபோட்டுக்கொள்ளும் என்பது. அதன் பிறகு ஒவ்வொரு நகலும் ஒரு திருட்டு.

## கம்பம்

புலத்தை ஓரிடத்தில் திரட்டி ஊரெங்கும் பரப்பும் அமைப்பு இது. கோபுரம், நடுகல் வரிசை, பூமிக்கடியில் ஓடும் நரம்பு, எப்படி வேண்டுமானாலும் வைக்கலாம். தனிமனிதரிடம் இருப்பது வாங்கும் முனை மட்டும்.

பழங்காலக் கற்களையும் மேடுகளையும் இணைக்கும் நேர்கோடுகளில் சக்தி ஓடுகிறது என்ற கற்பனையைப் பல எழுத்தாளர்கள் பயன்படுத்துவார்கள். 1921இல் இங்கிலாந்தில் ஆல்ஃபிரட் வாட்கின்ஸ் இந்தக் கோடுகளைப் பற்றிப் பேசத் தொடங்கியபோது, பழைய வணிகர்கள் நடந்த நேர்வழிகள் என்றுதான் சொன்னார். சக்தி ஓடுவதாக ஏற்றிச் சொன்னது 1960களில் வந்தவர்கள். முதலில் நடைபாதை, பிறகு சக்திப்பாதை என்ற இந்த வரிசையையே உங்கள் உலக வரலாறாக வைத்தால் நன்றாக இருக்கும். வணிகர்கள் நடந்து நடந்து புலம் அந்தத் தடத்தில் பழகிவிட்டது என்று வையுங்கள், சுங்கச்சாவடி வைத்திருக்கும் ஊர்களுக்கெல்லாம் திடீர் செல்வம்.

கம்பத்தின் உண்மைக் கதை நியூயார்க்கின் லாங் ஐலண்டில் நடந்தது. ஷோரம் என்ற இடத்தில் 1901இல் நிகோலா டெஸ்லா கட்டத் தொடங்கிய வார்டன்கிளிஃப் கோபுரம் 187 அடி உயரம். வங்கியாளர் ஜே. பி. மார்கன் 1,50,000 டாலர் போட்டார். கடல் கடந்து செய்தி அனுப்புவதும், கம்பியில்லாமல் மின்சாரம் அனுப்புவதும் டெஸ்லாவின் கனவு. அதே ஆண்டு டிசம்பரில் மார்கோனி மிகக் குறைந்த செலவில் அட்லாண்டிக்கைத் தாண்டிச் சமிக்ஞை அனுப்பிவிட்டார். மார்கன் மேற்கொண்டு பணம் தரவில்லை. கோபுரம் முழுதாக இயங்கியதே இல்லை. 1917இல் டெஸ்லா வைத்திருந்த ஹோட்டல் பாக்கிக்காக இடித்தார்கள். கம்பத்தில் கதை இங்கேதான் இருக்கிறது: யார் பணம் போட்டார், ஏன் நிறுத்தினார், பாதியில் நின்ற கோபுரத்தின் கீழே யார் குடியேறினார்கள்.

பழுது என்றால் கம்பத்துக்கு நிகர் இல்லை. 2012 ஜூலை 31 அன்று இந்தியாவின் வட, கிழக்கு, வடகிழக்கு மின்கட்டமைப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக விழுந்து 60 கோடி மக்கள் இருக்கும் பகுதி இருண்டது. தென்மாநிலங்கள் தப்பின. அப்போது தென்மண்டலக் கட்டமைப்பு மற்றவற்றோடு ஒத்தியங்கும்படி இணைக்கப்படவில்லை. 2013 கடைசியில்தான் ராய்ச்சூர், சோலாப்பூர் பாதை வழியே இணைந்தது. ஒதுங்கியிருப்பதால் தப்பித்த பிரதேசம், இணைய வேண்டுமா வேண்டாமா என்று அதன் சபையில் நடக்கும் விவாதம், இதை வைத்தே ஒரு பாகம் எழுதலாம்.

தோணியில், கிழவர் எதையும் பழுது பார்க்க முனையவில்லை. கரையைப் பார்க்கிறார். இரண்டு பக்கமும் ஒரு விளக்குகூட இல்லை. "நம்ம தோணி இல்ல தாயி, நாடே நின்னுபோச்சு" என்கிறார். துடுப்பை எடுக்கிறார்கள். காட்சி சட்டென்று பெரிதாகிறது, ஆனால் அவர்கள் இருவரும் சிறுத்துப்போகிறார்கள். கம்பத்தின் செலவு அதுதான். தனிமனிதர் செய்ய அதிகம் இருக்காது. நாயகி ஒருத்தியை நம்பி ஓடும் கதைக்கும் சிறுகதைக்கும் இதை எடுக்காதீர்கள். மூன்று நான்கு குடும்பங்கள், இரண்டு தலைமுறை, ஒரு போர் என்று விரியும் நாவலுக்கு எடுங்கள்.

## நான்கும் ஒரே பார்வையில்

| | கோல் | குடுவை | தகடு | கம்பம் |
|---|---|---|---|---|
| சக்தி இருக்குமிடம் | பிடிப்பவரிடமும் சுற்றுப்புறத்திலும் | அடைத்த கலத்தில் | வடிவத்தில் | தொலைவில், பொதுவில் |
| சுற்றியுள்ள தொழில் | தச்சர், குரு | நிரப்புபவர், சுமப்பவர், வணிகர் | பொறிப்பவர், புதுப்பிப்பவர் | வரி வசூலிப்பவர், காவலர், பொறியாளர் |
| திருட்டு, போலி | போலி எளிது | திருட்டு எளிது, கலப்படமும் | நகல்தான் ஆபத்து | கொக்கி போட்டுத் திருடுவது |
| பழுதானால் | ஒருவருக்கு | ஒரு வீட்டுக்கு அல்லது பயணத்துக்கு | ஒரு ஊருக்கு | ஒரு நாட்டுக்கு |
| எழுதுபவருக்குச் சுமை | சாதிக் கேள்வி | கணக்கு | விளக்கம் | அளவு |
| நீளம் | சிறுகதை முதல் நாவல் வரை | குறுநாவல், நாவல் | நாவல் | பெருநாவல் |

## தேர்வுக்கு முன் இன்னும் இரண்டு முடிவு

எந்தக் கருவியானாலும், அது வேலை செய்கிறது என்று உங்கள் உலகத்து மக்கள் எப்படி உறுதிசெய்கிறார்கள் என்பதை யோசித்துவிடுங்கள். காந்த சக்தியால் நோய் தீர்ப்பதாகச் சொன்ன மருத்துவர் மெஸ்மர். 1784இல் பாரிசில் அவரது சக்தியைச் சோதிக்க மன்னர் அமைத்த குழுவில் ஃபிராங்க்ளின், லவாய்சியே போன்ற அறிவியலாளர்கள் இருந்தார்கள். மெஸ்மரின் சீடர் டெஸ்லோன், பாரிசை ஒட்டிய பாஸியில் ஃபிராங்க்ளின் வீட்டுத் தோட்டத்தில் ஒரு ஆப்ரிகாட் மரத்துக்கு மட்டும் சக்தி ஏற்றினார். பன்னிரண்டு வயதுப் பையனைக் கண்ணைக் கட்டி மரம் மரமாகக் கூட்டிப்போய்க் கட்டிப்பிடிக்கச் சொன்னார்கள். சக்தி ஏற்றிய மரத்தை எட்டும் முன்பே, நான்காவது மரத்தடியில் பையன் மயங்கி விழுந்தான். இப்படி ஒரு சோதனை உங்கள் உலகத்தில் நடந்தால், நேர்மையான மந்திரவாதி எப்படித் தேறுவார்? அதற்கு விடை தெரிந்தால் கருவியின் விதிகள் பாதி தெளிவாகிவிடும்.

அடுத்தது தடுப்பு. 1836இல் ஃபாரடே அறையளவு கூண்டு ஒன்றின் மேல் உலோகத்தகடு போர்த்தி வெளியே மின்சாரம் பாய்ச்சினார், உள்ளே ஒன்றும் தெரியவில்லை. பிள்ளை பெற்றவளின் படுக்கைக்கு அடியில் அரிவாளோ இரும்புத் துண்டோ வைக்கும் பழக்கம் நம் ஊர்களில் உண்டு. இரும்பு தடுக்கும் என்று வைத்தால் வாசகர் காரணம் கேட்கமாட்டார். கோலுக்குக் கைவிலங்கு, குடுவைக்கு இரும்புப் பெட்டி, தகட்டுக்கு ஒரு ஆணி, கம்பத்துக்கு இரும்புச் சுரங்கம் இருக்கும் மலை என்று நான்குக்கும் பொருந்தும்.

## இரண்டைக் கலக்கலாமா

கலக்கலாம், மூன்றாவதாக இன்னொன்றை மட்டும் சேர்க்காதீர்கள். கம்பமும் குடுவையும் நல்ல ஜோடி. கம்பம் எட்டாத மலைக்கிராமத்துக்குக் குடுவை போகும், எல்லையில் கடத்தல் நடக்கும், அரசு காலிக் குடுவைகளைக்கூட எண்ணும். குடுவையும் தகடும் சேர்ந்தால், தகட்டைத் தேயாமல் காப்பாற்றக் குடுவைக்குப் பணம் கட்ட முடியாத ஏழைத் தெருவை எழுதலாம். கோலோடு எதையும் சேர்க்கலாம், ஆனால் கோல் வைத்திருப்பவர்கள் மற்றவற்றைத் தாழ்வாகப் பார்ப்பார்கள் என்பதை மறக்காதீர்கள். வாசகர் முதல் கருவி பழுதாவதைப் பார்த்த பிறகே இரண்டாவதை உள்ளே விடுங்கள், அதற்கு முன் விட்டால் இரண்டும் குழம்பிப்போகும்.

கம்பமும் தகடும் சேர்வதில் மட்டும் எனக்கு ஒப்புதல் இல்லை. கம்பமும், கல்லிலோ வாசல்படியிலோ வெட்டிய தகடும் நட்ட இடத்தில் நிற்பவை, எடுத்துக்கொண்டு போக முடியாது. பாத்திரங்கள் ஊரை விட்டு வெளியேறிய உடனே கையில் எதுவும் இருக்காது. அதைத்தான் எழுத வேண்டும் என்று இருந்தால், கதையை ஒரே ஊருக்குள், ஒரே புதுப்பிக்கும் நாளுக்குள் வைத்துவிடுங்கள்.